498ஏ வழக்கில் தண்டனையைக் குறைக்கக் கோரும் சீராய்வு மனு: முழுமையான வழிகாட்டி

மனைவியைக் கணவரோ அவருடைய உறவினரோ கொடுமைப்படுத்தும் குற்றம்தான் 498ஏ. அந்த வழக்கில் மாஜிஸ்திரேட் நீதிமன்றம் தண்டனை கொடுத்துவிட்டது. செஷன்ஸ் நீதிமன்றமும் மேல்முறையீட்டைத் தள்ளிவிட்டது. அடுத்து இருப்பது உயர் நீதிமன்றத்தில் குற்றவியல் சீராய்வு மனு. அங்கே பல வழக்குகளில் வாதம் கடைசியில் தண்டனையின் அளவில்தான் வந்து நிற்கும்.

ஆனால் ஜூனியர்கள் எழுதிக்கொண்டு வரும் மனுவில் முப்பது பக்கத்துக்கு சாட்சிகளின் முரண்பாடு இருக்கும். தண்டனை பற்றி, கடைசிப் பக்கத்தில் "மேலும் தண்டனை மிக அதிகம்" என்று ஒரே ஒரு வரி. அந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு எந்த நீதிபதியாலும் எதுவும் செய்ய முடியாது. தண்டனைக் குறைப்புக்குத் தனி ஆவணம் வேண்டும், தனிக் கணக்கு வேண்டும். பாதிக்கப்பட்ட பெண்ணுக்கு இதுவரை என்ன செய்யப்பட்டிருக்கிறது என்ற கேள்விக்கு நேர்மையான பதிலும் வேண்டும். அந்த வேலையை எந்த வரிசையில் செய்வது என்பதைத்தான் இங்கே சொல்கிறேன். சென்னையிலும் மதுரைக் கிளையிலும் நடக்கும் முறையை மனதில் வைத்து எழுதியது.

## 1. வழி சரியா என்று முதலில் பாருங்கள்

கட்சிக்காரர் "ரிவ்யூ போடலாமா?" என்றுதான் கேட்பார். குற்ற வழக்கில் தீர்ப்பில் கையெழுத்துப் போட்ட பிறகு, எழுத்துப் பிழை, கணக்குப் பிழை தவிர வேறெதையும் அதே நீதிமன்றம் மாற்ற முடியாது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 362-வது பிரிவும், அதற்குப் பதிலாக வந்த புதிய நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-இன் 403-வது பிரிவும் இதைத் தடுக்கின்றன. நாம் போடுவது ரிவிஷன், அதாவது சீராய்வு. மேல் நீதிமன்றம் கீழ் நீதிமன்றத்தின் உத்தரவை எடுத்துப் பார்ப்பது.

அடுத்து, மேல்முறையீடு போட்டாகிவிட்டதா என்று கேளுங்கள். மேல்முறையீட்டு உரிமை இருந்தும் அதைப் பயன்படுத்தாமல் நேராகச் சீராய்வுக்கு வந்தால், பழைய நடைமுறைச் சட்டத்தின் 401(4) பிரிவு கதவை அடைத்துவிடும். மாஜிஸ்திரேட் தீர்ப்பு என்றால் 30 நாளுக்குள் செஷன்ஸ் நீதிமன்றத்தில் மேல்முறையீடு. அதற்குப் பிறகுதான் சீராய்வு.

இன்னொரு சிக்கலும் உண்டு. வரதட்சணை மரணம் என்று 304பி-யில் செஷன்ஸ் நீதிமன்றத்தில் வழக்கு நடந்து, அந்தக் குற்றச்சாட்டில் விடுதலையாகி, 498ஏ-வில் மட்டும் தண்டனை வந்திருக்கலாம். அது செஷன்ஸ் நீதிமன்றமே கொடுத்த தண்டனை என்பதால் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடுதான் போட வேண்டும். மேல்முறையீட்டில் சாட்சியத்தை முழுதாக அலசலாம். அந்த உரிமையைத் தெரியாமல் விட்டுவிடாதீர்கள்.

## 2. எந்தச் சட்டம் பொருந்தும்

2024 ஜூலை 1 முதல் புதிய சட்டங்கள் வந்துவிட்டன. 498ஏ இப்போது புதிய தண்டனைச் சட்டமான பி.என்.எஸ்.-இன் 85, 86 பிரிவுகளில் இருக்கிறது. ஆனால் குற்றம் நடந்த நாள்தான் கணக்கு. அதற்கு முன் நடந்தது என்றால் இந்திய தண்டனைச் சட்டம் 498ஏ-தான். இன்று சீராய்வுக்கு வரும் வழக்குகளில் பெரும்பாலானவை இந்தப் பழைய வகை.

நடைமுறைப் பிரிவுகளில் குழப்பம் வரும். சீராய்வு அதிகாரம் பழைய சட்டத்தில் 397, 401. புதியதில் 438, 442. நான் இரண்டையும் சேர்த்தே போடுகிறேன். பிரிவு எண்ணுக்காக மனு திரும்பி வந்தால் போவது கட்சிக்காரரின் நாட்கள்.

## 3. கட்டில் இருக்க வேண்டியவை

மனு எழுத உட்காரும் முன் இவை கைக்கு வந்தாக வேண்டும்:

- இரண்டு தீர்ப்புகளின் சான்றிட்ட நகல். நகல் மனு போட்ட நாள், நகல் தயாரான நாள் இரண்டும் அதில் தெரிய வேண்டும்.
- முதல் தகவல் அறிக்கை, குற்றப்பத்திரிகை, சாட்சிகளின் வாக்குமூலம், குறியீடு செய்த ஆவணங்கள்.
- தண்டனை குறித்துக் கேள்வி கேட்டபோது எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், சொன்ன பதில்.
- ரிமாண்ட் உத்தரவு, ஜாமீன் உத்தரவு, சிறையிலிருந்து வெளியே வந்த நாளுக்கான சான்று.
- ஜீவனாம்ச வழக்கு, குடும்ப வன்முறைச் சட்ட வழக்கு, விவாகரத்து வழக்கு எது இருந்தாலும் அதன் உத்தரவும், பணம் கட்டிய ரசீதுகளும்.
- வயது, நோய், குடும்பப் பொறுப்பு, வேலை ஆகியவற்றுக்கான ஆவணம்.

ஐந்தாவதைத்தான் எல்லாரும் விட்டுவிடுகிறார்கள். "அது வேற கோர்ட் சார்" என்பார்கள். உயர் நீதிமன்றத்தில் முதல் கேள்வியே பெரும்பாலும் அங்கிருந்துதான் வரும்.

## 4. 90 நாள்

சீராய்வுக்குக் காலவரம்பு 90 நாள். செஷன்ஸ் தீர்ப்பின் நாளிலிருந்து எண்ண வேண்டும். நகல் வாங்க ஆன நாட்களைக் கழித்துக்கொள்ளலாம். நாள் தாண்டிவிட்டால் தாமதத்தை மன்னிக்கும் மனுவும் சேர்த்துப் போட வேண்டும். அதில் "உடல்நலமின்மை" என்று பொதுவாக எழுதாமல், எந்த மாதம் என்ன நடந்தது என்று தேதியோடு எழுதுங்கள்.

90 நாள் இருக்கிறதே என்று காத்திருக்கவும் கூடாது. மேல்முறையீடு தள்ளுபடியானதும் அதுவரை இருந்த தண்டனை நிறுத்தி வைப்பு முடிந்துபோகிறது. விசாரணை நீதிமன்றம் பிடிவாரண்ட் அனுப்பத் தொடங்கிவிடும்.

## 5. தண்டனைப் பகுதியை வரி வரியாகச் சோதியுங்கள்

சீராய்வில் உயர் நீதிமன்றம் மூன்றாவது முறையாகச் சாட்சியத்தை எடை போடாது. 1975-இல் துலி சந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இன்றும் அப்படியே நிற்கிறது. ஆனால் தண்டனை சட்டப்படி இருக்கிறதா, அளவு முறையானதா என்று பார்ப்பது சீராய்வின் நேரடி வேலை. 397-வது பிரிவிலேயே தண்டனையின் சரித்தன்மை, சட்டத்தன்மை, பொருத்தம் என்ற சொற்கள் வருகின்றன. அதனால் இரக்கம் கேட்பதற்கு முன் சட்டப் பிழை இருக்கிறதா என்று தேடுங்கள். பிழை கிடைத்தால் அதைத் திருத்துவது நீதிமன்றத்தின் கடமை. அங்கே கெஞ்ச வேண்டியதில்லை.

தனித்தனியா, ஏககாலத்திலா? 498ஏ-க்கு 2 ஆண்டு, வரதட்சணைத் தடைச் சட்டம் 4-வது பிரிவுக்கு 1 ஆண்டு, மிரட்டலுக்கான 506-க்கு 6 மாதம் என்று தீர்ப்பு இருக்கிறது என்று வையுங்கள். "ஏககாலத்தில் அனுபவிக்க வேண்டும்" என்ற வாசகம் இருந்தால் 2 ஆண்டு. அந்த வாசகம் விடுபட்டிருந்தால் பழைய நடைமுறைச் சட்டம் 31-வது பிரிவின்படி ஒன்றன்பின் ஒன்று, மூன்றரை ஆண்டு. ஒரு வாக்கியத்தில் ஒன்றரை ஆண்டு தொங்குகிறது. இதைப் பார்க்காமல் நாலு கட்டு தீர்ப்பு நகல்களைத் தூக்கிக்கொண்டு வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

அபராதம் அதிகார வரம்புக்குள் இருக்கிறதா? பழைய சட்டப்படி முதல் வகுப்பு மாஜிஸ்திரேட் ஒரு குற்றத்துக்கு 10,000 ரூபாய்க்கு மேல் அபராதம் போட முடியாது. புதிய சட்டத்தில் அது 50,000. எந்தச் சட்டத்தின் கீழ் நடந்த விசாரணை என்று பார்த்துச் சொல்லுங்கள்.

அபராதம் கட்டாவிட்டால் எவ்வளவு சிறை? சிறையும் அபராதமும் உள்ள குற்றத்தில், அபராதம் கட்டாததற்கான சிறை, அந்தக் குற்றத்தின் உச்சத் தண்டனையில் நாலில் ஒரு பங்கைத் தாண்டக்கூடாது. 498ஏ-வுக்கு உச்சம் 3 ஆண்டு, ஆக 9 மாதம். இந்தச் சிறை மற்ற தண்டனையோடு சேர்ந்து ஓடாது, தனியாகத்தான் வரும். அதனால் அபராதத்தைக் கட்டிவிட்டாரா என்று முதலிலேயே கேட்டு, ரசீதை வாங்கி வையுங்கள்.

தண்டனை பற்றிக் கேட்டார்களா? 248(2) பிரிவுப்படி குற்றவாளி என்று முடிவு செய்த பிறகு, தண்டனை குறித்துத் தனியாகக் கேட்க வேண்டும். பல தீர்ப்புகளில் "தண்டனை குறித்து வினவப்பட்டது, குறைந்த தண்டனை வழங்கக் கோரினார்" என்று ஒரே வரி இருக்கும். அந்த வரிக்குப் பின்னால் வயதோ, நோயோ, குழந்தைகளோ எதுவும் பதிவாகவில்லை என்றால், அந்தக் குறையைச் சொல்லி, பதிவாகாமல் போன விவரத்தை இப்போது ஆவணத்தோடு வைக்கலாம்.

சிறைக்கு அனுப்பாமல் நன்னடத்தைப் பிணையில் விட வழிசெய்யும் நன்னடத்தைச் சட்டத்தைப் பரிசீலித்தார்களா? நன்னடத்தையில் விடக்கூடிய வழக்கில் விடவில்லை என்றால், சிறப்புக் காரணத்தைத் தீர்ப்பில் எழுத வேண்டும் என்கிறது 361-வது பிரிவு. காரணமே இல்லாமல் ஒரு பத்தி கூட எழுதாமல் போன தீர்ப்புகள் நிறைய உண்டு. இது நல்ல வாதம், ஆனால் ஜூனியர்கள் தொடுவதே இல்லை.

குறைந்தபட்சத் தண்டனை உள்ள பிரிவு எது? 498ஏ-வுக்குக் கீழ்வரம்பு கிடையாது. ஆனால் வரதட்சணைத் தடைச் சட்டம் 4-வது பிரிவுக்கு 6 மாதம் கீழ்வரம்பு. அதற்குக் கீழே போக வேண்டும் என்றால் போதுமான சிறப்புக் காரணம் தீர்ப்பில் எழுதப்பட வேண்டும். மனுவில் 498ஏ-வுக்கு மட்டும் வாதாடி 32 நாள் சிறையே போதும் என்று உத்தரவு வாங்கிவிட்டு, 4-வது பிரிவின் 6 மாதம் அப்படியே நிற்பதை அப்புறம் கண்டுபிடித்த குடும்பங்கள் இருக்கின்றன. பிரிவு வாரியாக ஒரு அட்டவணை போட்டு, ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகக் கேளுங்கள்.

## 6. சிறை நாட்களை எண்ணுங்கள்

"இதுவரை அனுபவித்த சிறைக்காலமே போதும்" என்பதுதான் பலரும் கேட்கும் நிவாரணம். நீதிபதி உடனே "எத்தனை நாள்?" என்பார். "கொஞ்ச நாள் இருந்தார் மை லார்ட்" என்று பதில் சொன்னால் வழக்கு அங்கேயே இறங்கிவிடும்.

எண்ணும் விதம் இது. முதல் எதிரியை மார்ச் 11 கைது செய்தார்கள், மார்ச் 26 ஜாமீனில் வெளியே வந்தார்: இரண்டு நாளையும் சேர்த்து 16. மேல்முறையீடு தோற்ற பின் ஜூன் 4 சரணடைந்தார், ஜூன் 19 வெளியே வந்தார்: இன்னொரு 16. மொத்தம் 32. இதை ஒரு தாளில் எழுதி, ஒவ்வொரு தேதிக்கும் பக்கத்தில் எந்த ஆவணம், எந்தப் பக்கம் என்று குறியுங்கள். ஜாமீன் உத்தரவு நாளும் வெளியே வந்த நாளும் ஒன்றாக இருக்காது. பிணைதாரர் வந்து, பத்திரம் போய்ச் சேர்ந்து, சிறையிலிருந்து விடுவதற்குச் சில நாள் ஆகும். சிறைக் கண்காணிப்பாளரிடம் வாங்கும் சான்றுதான் இதற்குச் சரியான ஆதாரம். தண்டனை வருவதற்கு முன் உள்ளே இருந்த நாட்கள் 428-வது பிரிவுப்படி தண்டனையில் கழிய வேண்டும்; அதற்குப் பின் இருந்தவை தண்டனையை அனுபவித்த நாட்களாகவே கணக்கு. 428-இன் கழிவு அபராதம் கட்டாததற்கான சிறைக்குக் கிடையாது.

முன்ஜாமீன் வாங்கியவர் ஒரு நாள் கூட உள்ளே இருந்திருக்க மாட்டார். அவருக்கு "அனுபவித்த காலம்" என்று கேட்டால் பூஜ்யத்தைக் கேட்பதாகிவிடும். அவருக்கு வேறு வழி, அடுத்த படியில் பார்ப்போம்.

## 7. எதைக் கேட்கலாம், எதைக் கேட்க முடியாது

498ஏ-வின் வாசகம் இப்படி: மூன்று ஆண்டு வரை சிறைத் தண்டனை விதிக்கப்படும், அபராதத்துக்கும் ஆளாவார். சிறை "அல்லது" அபராதம் என்று அதில் இல்லை. ஆகவே "சிறைத் தண்டனையை ரத்து செய்து அபராதம் மட்டும் விதிக்க வேண்டும்" என்ற கோரிக்கையைச் சட்டம் அனுமதிக்காது. புதியவர்கள் செய்யும் பெரிய தவறு இதுதான். நீதிபதி மனமிரங்கினாலும் அந்தக் கோரிக்கையின் மேல் உத்தரவு போட முடியாது.

கேட்கக்கூடியவை:

- சிறைக்காலத்தைக் குறிப்பிட்ட அளவுக்குக் குறைப்பது. 2 ஆண்டு என்பதை 6 மாதமாக, 3 மாதமாக.
- ஏற்கெனவே அனுபவித்த காலமாகக் குறைப்பது.
- நீதிமன்றம் கலையும் வரை சிறை. சட்டப்படி இதுவும் சிறைத் தண்டனைதான். உள்ளே இருந்த நாளே இல்லாத வயதான எதிரிக்கு இதைக் கேட்கலாம்.
- நன்னடத்தையில் விடுவிப்பது. 1958-ஆம் ஆண்டு குற்றவாளிகள் நன்னடத்தைச் சட்டம் 4-வது பிரிவு. சீராய்விலும் இந்த உத்தரவைப் போடலாம் என்று அதன் 11-வது பிரிவு சொல்கிறது. 5-வது பிரிவுப்படி இழப்பீடும் சேர்த்து உத்தரவிடலாம்.
- தண்டனைகளை ஏககாலத்தில் அனுபவிக்க உத்தரவிடுவது.

முதன்மைக் கோரிக்கை, அது கிடைக்காவிட்டால் அடுத்தது என்று இறங்குவரிசையில் எழுதுங்கள். நன்னடத்தை கேட்பதாக இருந்தால் நன்னடத்தை அலுவலரின் அறிக்கையை வரவழைக்கும்படி சேர்த்துக் கேளுங்கள். அரசு ஊழியரான கட்சிக்காரர் "நன்னடத்தையில் விட்டால் வேலை தப்புமா?" என்பார். அந்தச் சட்டத்தின் 12-வது பிரிவு தகுதியிழப்பை நீக்கும். ஆனால் குற்றவாளி என்ற முடிவு அப்படியே இருக்கும், துறை நடவடிக்கை தனியாக வரலாம். வேலைக்கு உத்தரவாதம் கொடுக்காதீர்கள்.

## 8. ஒவ்வொரு எதிரிக்கும் தனியாக எழுதுங்கள்

கணவர், மாமனார், மாமியார், நாத்தனார் நாலு பேருக்கும் ஒரே பத்தியில் "மனுதாரர்கள் அப்பாவிகள்" என்று எழுதுவதால் நாலு பேருமே இழக்கிறார்கள். தண்டனை என்பது ஆளுக்கு ஆள் செய்த செயலுக்குத்தான். கணவர் அடித்ததற்குக் காயச்சான்று இருக்கும். நாத்தனார் பற்றிச் சாட்சியத்தில் "இவரும் சேர்ந்து திட்டினார்" என்பதற்கு மேல் இருக்காது. அதே ஒன்றரை ஆண்டை இருவருக்கும் கொடுத்திருந்தால், அந்த ஏற்றத்தாழ்வுதான் உங்கள் வாதம்.

நான் செய்வது: அ.சா.1, அதாவது அந்தப் பெண்ணின் சாட்சியத்தை எடுத்து, ஒவ்வொரு எதிரியின் பெயர் வரும் வரியையும் தனித்தனி நிறத்தில் கோடு போடுவேன். ஒரு வழக்கில் மூன்றாம் எதிரியான 74 வயது மாமியாரைப் பற்றி பதினொரு பக்கத்தில் இரண்டே வரிதான் இருந்தது. இரண்டும் ஒரே நாளில் நடந்த ஒரே சம்பவம். அந்த இரண்டு வரியைப் படித்துக் காட்டியதுதான் அவருக்கான முழு வாதமும்.

498ஏ விளக்கத்தின் எந்தப் பகுதியில் தண்டனை நிற்கிறது என்றும் பாருங்கள். (அ) பகுதி, தற்கொலைக்கோ கடுமையான காயத்துக்கோ தள்ளக்கூடிய கொடுமை. (ஆ) பகுதி, பணமோ பொருளோ கேட்டுத் துன்புறுத்துவது. முதலாவது நிரூபணமாகியிருந்தால் குறைப்பு கேட்பது கடினம். அதைக் கட்சிக்காரரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

## 9. பாதகமான விவரத்தை நீங்களே சொல்லுங்கள்

சாதகமானவை எல்லாருக்கும் தெரியும்: முன் குற்றம் இல்லை, வழக்கு பத்து ஆண்டு ஓடியது, ஜாமீன் நிபந்தனையை மீறவில்லை, வயதான பெற்றோர், உடல்நலம். ஒவ்வொன்றுக்கும் ஒரு தாள் இணைத்துவிட்டால் போதும். வழக்கு நீண்டதற்கு எதிரி தரப்பே வாய்தா வாங்கிக்கொண்டிருந்தது காரணம் என்றால், வழக்கு நீண்டதைச் சாதகமாகச் சொல்லாதீர்கள். யார் வாய்தா வாங்கினார்கள் என்பது நீதிமன்றக் குறிப்புத் தாளில் இருக்கும்.

காயச்சான்று, ஜீவனாம்ச பாக்கி, கர்ப்பமாக இருந்தபோது நடந்த அடி. இவற்றை மறைத்து வாதாடினால், அரசு வழக்கறிஞர் எழுந்து ஒரே நிமிடத்தில் படித்துக்காட்டுவார். அதற்கப்புறம் நீங்கள் சொல்லும் எதுவும் எடுபடாது. அது போக, அந்தக் காயம் ஒரு பெண்ணின் உடம்பில் பட்டது. அதை இல்லாதது போலப் பேச நமக்கு உரிமை கிடையாது. "இது நடந்தது என்று இரண்டு நீதிமன்றங்கள் சொல்லிவிட்டன, அதை ஏற்றுக்கொண்டுதான் அளவு பற்றிப் பேசுகிறேன்" என்று தொடங்குங்கள்.

## 10. அந்தப் பெண்ணுக்குச் சேர வேண்டியது

இந்தப் படிக்குத்தான் நிறைய நேரம் கொடுக்க வேண்டும்.

ஜீவனாம்ச பாக்கி இருந்தால் சீராய்வு மனுவுக்கு முன்பே கட்டச் சொல்லுங்கள். சீதனப் பொருட்கள் இன்னும் திருப்பித் தரப்படவில்லை என்றால் பட்டியல் போட்டு, ரசீதோடு திருப்பித் தரச் சொல்லுங்கள். இவை அவளுக்கு ஏற்கெனவே உரிமையானவை. இவற்றைக் கொடுத்துவிட்டு "இழப்பீடு கொடுத்தேன்" என்று கணக்குக் காட்டக்கூடாது. இழப்பீடு இதற்கு மேலே வருவது.

2021-இல் ஜார்க்கண்டிலிருந்து வந்த ஒரு 498ஏ வழக்கில், கணவர் மனைவிக்கும் குழந்தைகளுக்கும் 3 லட்சம் ரூபாய் கொடுப்பதாகச் சொன்னதை ஏற்று, தண்டனையை அனுபவித்த காலமாக உச்ச நீதிமன்றம் குறைத்தது. இதைப் பலரும் காட்டுகிறார்கள். ஆனால் அதே உச்ச நீதிமன்றம், பணம் கொடுத்தார் என்பதற்காகத் தண்டனையைத் தேவையில்லாமல் குறைப்பதை வேறு வழக்குகளில் கடுமையாகக் கண்டித்தும் இருக்கிறது. பணம் ஒரு காரணம்தான். பணத்தின் மேல் மட்டும் மனுவைக் கட்டாதீர்கள்.

சமரசம் என்றால் இன்னும் கவனம். தமிழ்நாட்டில் 498ஏ சமரசமாக முடித்துக்கொள்ளக்கூடிய குற்றம் கிடையாது. இருவரும் கையெழுத்துப் போட்டுவிட்டதால் வழக்கு முடிந்துவிடாது. உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தில் ரத்து செய்யக் கேட்கலாம். பழைய 482, புதிய 528. இந்த வகைக் குடும்ப வழக்குகளில் அது முடியும் என்று 2003-இல் பி.எஸ்.ஜோஷி வழக்கும், 2012-இல் கியான் சிங் வழக்கும் காட்டின. தண்டனை வந்த பிறகும், கொடுங்குற்றம் இல்லாத வழக்குகளில் அந்த அதிகாரத்தைப் பயன்படுத்தலாம் என்று 2021-இல் ராம்கோபால் வழக்கு சொன்னது. அது தனி மனு. தண்டனைக் குறைப்புக்குச் சமரசம் ஒரு சூழ்நிலையாக மட்டும் வந்தால், அதைச் சீராய்வு மனுவிலேயே வைக்கலாம்.

பேச்சுவார்த்தையை உயர் நீதிமன்ற சமரச மையத்தின் வழியாக நடத்துவது நல்லது. உறவினர் வீட்டுத் திண்ணையில் வைத்துப் பேசாதீர்கள். அங்கே அவளைச் சுற்றிப் பத்துப் பேர் உட்கார்ந்திருப்பார்கள், "பெரிய மனசு பண்ணும்மா" என்பார்கள். அது சம்மதம் ஆகாது. அவளுக்கென்று வழக்கறிஞர் இருக்க வேண்டும். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவையோ உயர் நீதிமன்ற சட்டப் பணிகள் குழுவையோ அணுகலாம் என்பதை நீங்களே சொல்லிவிடுங்கள்.

ஒருமுறை கூட்டு மெமோ, அதாவது இரு தரப்பும் சேர்ந்து தரும் சமரசக் குறிப்பு, தாக்கலான நாளில் அந்தப் பெண் நேரில் வந்திருந்தார். நீதிபதி மெமோவை மூடி வைத்துவிட்டு, தமிழில் கேட்டார்: "பணம் எப்போ வாங்குனீங்க?" அவர், "இன்னும் வாங்கல, வெளியில வச்சுத் தர்றதா சொன்னாங்க" என்றார். அன்றைக்கு உத்தரவு வரவில்லை. மனுதாரர் தரப்பின் மீது நீதிபதிக்கு இருந்த நம்பிக்கையும் அன்றே போனது. பணத்தை அவர் பெயரில் டிடி எடுத்து, நீதிமன்றத்திலேயே கொடுத்து, டிடி எண்ணை உத்தரவில் பதிய வையுங்கள்.

நீங்கள் பெண் தரப்பில் ஆஜராகிறீர்கள் என்றால், எதிர் மனுவில் மூன்று விவரம் போதும்: இன்றைய தேதிக்கு எவ்வளவு பாக்கி, குழந்தைகளின் செலவை யார் பார்க்கிறார்கள், வழக்கு நடந்தபோது மிரட்டல் ஏதும் இருந்ததா. குற்றத்தால் பாதிக்கப்பட்டவருக்கு ஒவ்வொரு கட்டத்திலும் தன் தரப்பைச் சொல்லும் உரிமை உண்டு என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் ஜக்ஜீத் சிங் வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. குறைப்புக்குச் சம்மதம் இல்லை என்றால் இல்லை என்று சொல்லலாம். அதற்கு அவர் விளக்கம் கொடுக்க வேண்டியதில்லை.

## 11. தாக்கலும் நிறுத்தி வைப்பு மனுவும்

எதிர்மனுதாரர் அரசு, அனைத்து மகளிர் காவல் நிலைய ஆய்வாளர் மூலமாக என்று வரும். புகார் கொடுத்த பெண்ணையும் தரப்பாகச் சேர்த்துவிடுங்கள். சேர்க்காமல் விட்டால் பின்னால் அறிவிப்பு அனுப்பச் சொல்லி இரண்டு வாய்தா போகும். அதைவிட முக்கியம், அவருக்குத் தெரியாமல் அவர் வழக்கில் உத்தரவு வரக்கூடாது.

கூடவே தண்டனையை நிறுத்தி வைத்து ஜாமீனில் விடக் கோரும் மனுவும் வேண்டும். இதற்கான அதிகாரம் 397(1)-இலேயே இருக்கிறது. விசாரணை நீதிமன்றம் முன்பு தானாக நிறுத்தி வைத்த 389(3) வசதி மேல்முறையீட்டுக்கு மட்டுமே, சீராய்வுக்கு வராது. சரணடைந்த பிறகுதான் மனுவை எடுப்பார்களா என்பதைத் தாக்கலுக்கு முன் பதிவுத்துறையில் கேட்டுக்கொள்ளுங்கள். உயர் நீதிமன்ற விதி கட்டாயப்படுத்தாதபோது சரணடையாததை மட்டும் காரணமாக வைத்துச் சீராய்வை மறுக்கக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் பிகாரி பிரசாத் சிங் வழக்கில் சொல்லியிருக்கிறது.

## 12. விசாரணை நாளில்

"குற்றத் தீர்ப்பை எதிர்க்கவில்லை, தண்டனையை மட்டும் குறைக்கக் கேட்கிறோம்" என்று சொல்லும் கட்டம் வரும். அதைச் சொல்லும் முன் கட்சிக்காரரின் எழுத்துப்பூர்வ சம்மதம் உங்கள் கட்டில் இருக்க வேண்டும். அப்படிச் சொன்னால் குற்றவாளி என்ற முடிவு உறுதியாகிவிடும். வேலை, பாஸ்போர்ட், விவாகரத்து வழக்கு எல்லாவற்றிலும் அது பேசும். நீதிமன்ற அறையில் திரும்பிப் பார்த்து, பின் வரிசையில் நிற்பவரிடம் தலையாட்டச் சொல்லி வாங்குவது சம்மதம் இல்லை. குற்றத் தீர்ப்பில் உண்மையிலேயே பெரிய சட்டப் பிழை இருந்தால் அதை முதலில் வாதாடுங்கள். தண்டனை அதற்கு அடுத்தது.

வாதத்துக்கு மூன்று தாள் போதும்: பிரிவு வாரித் தண்டனை அட்டவணை, சிறை நாள் கணக்கு, எதிரி வாரிக் குறிப்பு. நீதிபதி கேட்கும் கேள்விகளில் பெரும்பாலானவற்றுக்கு இந்த மூன்றிலேயே பதில் இருக்கும்.

உயர் நீதிமன்றத்துக்குத் தண்டனையைக் கூட்டும் அதிகாரமும் உண்டு. வாய்ப்புக் கொடுத்துக் கேட்காமல் செய்ய முடியாது, அவ்வளவுதான். கொடுமை கடுமையான வழக்குகளில் இந்த ஆபத்தையும் கட்சிக்காரரிடம் சொல்லுங்கள்.

## 13. உத்தரவு வந்த பிறகு

உத்தரவை முழுதாகப் படியுங்கள். "எட்டு வாரத்துக்குள் இழப்பீட்டைக் கட்ட வேண்டும், தவறினால் விசாரணை நீதிமன்றம் விதித்த தண்டனை மீண்டும் அமலுக்கு வரும்" என்பது போன்ற நிபந்தனை பல உத்தரவுகளில் இருக்கும். கட்சிக்காரர் "குறைச்சாச்சு" என்று ஊருக்குப் போய்விடுவார். ஒன்பதாவது வாரம் வாரண்ட் வந்து நிற்கும். கடைசித் தேதியை அவர் கைப்பேசியிலேயே குறித்துக் கொடுத்து, ஒரு வாரம் முன்னால் நீங்களும் கூப்பிட்டுச் சொல்லுங்கள்.

பணம் கட்டிய சலான் நகலோடு விசாரணை நீதிமன்றத்தில் மெமோ தாக்கல் செய்யுங்கள். உயர் நீதிமன்ற உத்தரவு அங்கே போய்ச் சேர்ந்ததா என்று குமாஸ்தாவை அனுப்பிப் பாருங்கள். சேராமல் பழைய பிடிவாரண்ட் உயிரோடு இருந்தால் நள்ளிரவில் வீட்டுக் கதவைத் தட்டுவார்கள். வாரண்டைத் திரும்பப் பெறும் மனுவையும் அன்றே போட்டுவிடுங்கள். மீதித் தண்டனை ஏதும் இருந்தால் சரணடைய வேண்டிய நாளையும், ஏற்கெனவே இருந்த நாட்களைக் கழித்தபின் எத்தனை நாள் மிச்சம் என்பதையும் எழுதிக் கொடுங்கள்.

அதே ஆள் மறுபடியும் சீராய்வு போட முடியாது. 482 என்று பெயரை மாற்றிப் போட்டாலும் மிக அபூர்வமான சூழ்நிலையில்தான் எடுபடும். இதற்கு மேல் வழி உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு மட்டுமே. இழப்பீட்டுப் பணம் நீதிமன்றத்தில் கட்டப்பட்டிருந்தால், அதை எடுத்துக்கொள்ள அந்தப் பெண் தனியாக ஒரு மனு போட வேண்டியிருக்கும். அவருடைய வழக்கறிஞருக்கு வைப்புத் தேதியும் சலான் எண்ணும் போய்ச் சேர்ந்ததா என்று ஒரு போன் போட்டுக் கேட்டுவிடுங்கள்.